இன்குலாப் தந்த மொழி அந்நிய மொழியா?

பஞ்சாலை வாசலில் நின்று நாம் எழுப்பும் கோஷம் எது? போனஸ் கேட்டு ஊர்வலம் போனாலும், நிலுவைக் கூலி கேட்டுத் தாலுகா ஆபீசை முற்றுகையிட்டாலும், மாண்ட தோழனைத் தோளில் சுமந்து சுடுகாட்டுக்கு நடந்தாலும், தொண்டையிலிருந்து தானாகப் பீறிட்டு வருவது எது? "இன்குலாப் ஜிந்தாபாத்!" புரட்சி ஓங்குக என்று தமிழில் சொல்கிறோம், அதுவும் நம்முடையதுதான். ஆனால் நாற்று நடும் கிழவிகூட முஷ்டியை உயர்த்தியதும் முதலில் சொல்வது இன்குலாபைத்தான். அர்த்தம் யாரும் அவளுக்குச் சொல்லிக் கொடுக்க வேண்டியிருக்கவில்லை.

அது உருது. 1921-ல் அந்தக் கோஷத்தை நாட்டுக்குக் கொடுத்தவர் மௌலானா ஹஸ்ரத் மோகானி. 1929 ஏப்ரல் 8-ந் தேதி டில்லி சட்டசபையில் குண்டு வீசிய பகத் சிங்கும் படுகேஷ்வர் தத்தும் அதைத்தான் முழங்கினார்கள். அன்றிலிருந்து அது தொழிலாளியின் சொத்து.

இந்த மோகானி யார்? உன்னாவ் ஜில்லாவில் மோகான் என்ற ஊர்க்காரர். பத்திரிகை நடத்தினார். 1908-ல் வெள்ளையன் ராஜத்துரோகம் என்று சொல்லி உள்ளே தள்ளியபோது ஜெயிலில் திருகை சுற்றி மாவு அரைத்தார்; அரைத்துக்கொண்டே கவிதையும் கட்டினார். 1925 டிசம்பரில் கான்பூரில் கம்யூனிஸ்டுகளின் மாநாடு கூடியதே, அதற்குத் தலைமை வகித்தவர் நம் சென்னைச் சிங்காரவேலர்; வரவேற்புக் குழுவின் தலைவர் இந்த மோகானி. தொழுகை தவறாத முஸ்லிம், கண்ணன் மீதும் பாடியவர். நாடு பிரிந்தபோது பாகிஸ்தானுக்குப் போகாமல் இங்கேயே இருந்து, 1951-ல் லக்னோவில் கண்ணை மூடினார்.

இத்தனைக்கும் மேல், உருது தெரிந்தவர்கள் அவரை முதலில் நினைப்பது காதல் கவிஞர் என்றுதான். ஊரார் கண்ணுக்குத் தெரியாமல் காதலித்த காலத்தை எண்ணி ஏங்கும் அவருடைய கஜலை, 1982-ல் 'நிக்காஹ்' சினிமாவில் குலாம் அலியின் குரலில் நாடே கேட்டது. கோஷம் கொடுத்த கையும் காதல் எழுதிய கையும் ஒரே கை. இதை மனதில் வைத்துக்கொண்டு மேலே படியுங்கள்.

சாணி அடித்தவர்களுக்கு

அவனியாபுரத்தில் மாதம் ஒரு ஞாயிறு சாயங்காலம் தோழர்கள் கூடிக் கதை வாசிக்கிறோம். படிக்கத் தெரிந்தவர் வாசிப்பார், மற்றவர்கள் கேட்பார்கள், பிறகு சண்டை போடுவோம். கார்க்கியை வாசித்தோம், புதுமைப்பித்தனை வாசித்தோம், கு. சின்னப்ப பாரதியை வாசித்தோம். எவரும் ஒன்றும் சொல்லவில்லை. "இந்த மாதம் உருதுக் கதைகள், தமிழில்" என்று தட்டி எழுதி வைத்தோம். விடிந்து பார்த்தால் தட்டி முழுக்கச் சாணி. பக்கத்துச் சுவரில் கரிக்கட்டியால் ஒரு வரி: பாகிஸ்தான் பாஷை இங்கே எதற்கு?

சாணி நமக்குப் புதிதல்ல. கீழத்தஞ்சைப் பண்ணைகளில் சாணிப்பாலைத் தண்டனையாகக் குடிக்க வைக்கப்பட்ட வர்க்கம் நாம். தட்டியைக் கழுவி மறுபடி மாட்டிவிட்டோம். ஆனால் அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லியாக வேண்டும். ஏனென்றால் அது ஏதோ ஒரு பையன் குறும்புக்குக் கிறுக்கியது அல்ல. 2025 பிப்ரவரியில் பக்கத்துத் திருப்பரங்குன்றம் மலையைக் காட்டி மதுரையில் கூட்டம் சேர்த்தார்கள். அதே வருஷம் டிசம்பரில் தீபத்தூணைக் காட்டி மறுபடி கிளறினார்கள். முருகன் கோயிலும் சிக்கந்தர் தர்காவும் ஒரே மலையில் இருப்பது அவர்கள் கண்ணை உறுத்துகிறது. அந்தக் கூட்டத்தின் பேச்சு வழிந்து வந்து அவனியாபுரத்துச் சுவரில் கரிக்கட்டியாக நிற்கிறது. இன்று மலையைப் பங்கு போடச் சொல்கிறவன், நாளை ஸ்பின்னிங்கில் நிற்கிறவனையும் களத்துமேட்டில் நிற்கிறவனையும் பங்கு போடச் சொல்வான். முதலாளிக்கு அதைவிட என்ன வேண்டும்?

பாகிஸ்தான் பாஷையாம்! டில்லியிலும் அதைச் சுற்றிய ஊர்களிலும், தெற்கே கோல்கொண்டாவிலும் பீஜப்பூரிலும் ஜனங்கள் பேசிப் பேசி உருண்டு திரண்ட மொழி அது. பாகிஸ்தான் என்ற பெயரையே யாரும் கேட்டிராத காலத்தில் மீரும் காலிபும் எழுதிச் செத்தும் போனார்கள். பிரேம்சந்த் எந்த மொழியில் எழுத ஆரம்பித்தார்? உருதுவில். அவருடைய 'சோஸே வதன்' கதைத் தொகுப்பை ராஜத்துரோகம் என்று வெள்ளை அதிகாரி பறித்துக் கொளுத்தினானே, அது உருதுப் புத்தகம். கிருஷன் சந்தர் இந்துவாகப் பிறந்தவர். ராஜிந்தர் சிங் பேடி சீக்கியர். பிராக் கோரக்புரி என்று புகழ் பெற்ற ஞானபீடக் கவிஞரின் சொந்தப் பெயர் ரகுபதி சகாய்.

அந்த பிராக்கின் ஊர் கோரக்பூர். அதே கோரக்பூர் மடத்திலிருந்து வந்த உத்தரப் பிரதேச முதலமைச்சர் 2025 பிப்ரவரியில் சட்டசபையில் எழுந்து, உருது படிக்க வைப்பது பிள்ளைகளை முல்லாக்கள் ஆக்குவதற்குத்தான் என்ற தோரணையில் பேசினார். ரகுபதி சகாய் முல்லாவா? காந்தியின் ஒத்துழையாமை இயக்கத்தில் ஜெயிலுக்குப் போனவர் அவர். சொந்த ஊர்க் கவிஞனைத் தெரியாதவர்கள் தேசத்துக்குப் பாடம் நடத்துகிறார்கள்!

பாகிஸ்தானில் உருதுவுக்கு நடந்ததையும் பார்ப்போம். அங்கே பெரும்பாலோருக்கு அது தாய்மொழியே அல்ல. பஞ்சாபி, சிந்தி, பஷ்தோ, பலூச்சி என்று அவர்களுக்கு வேறு மொழிகள் உண்டு. அந்த ஆட்சியாளர்கள் உருதுவை வங்காளிகள் தலையில் கட்டப் பார்த்தார்கள். எதிர்த்த மாணவர்களை 1952 பிப்ரவரி 21-ல் டாக்காவில் சுட்டார்கள். இந்தித் திணிப்பை எதிர்த்த நாம் அதை எப்படிப் பார்ப்போம் என்று சொல்ல வேண்டியதில்லை. அதே ஆட்சியாளர்கள்தான் 1951-ல் பைஸ் அகமது பைசை ராவல்பிண்டி சதி வழக்கில் சிறையில் அடைத்தார்கள். நம் கட்சியின் சஜ்ஜாத் சாகீரையும் அடைத்தார்கள். சாதத் ஹசன் மண்ட்டோவை ஆபாசம் எழுதினான் என்று கோர்ட்டுக்கு இழுத்தார்கள். அதற்கு முன் வெள்ளைக்காரனும் இழுத்தவன்தான். உருதுவின் தலைசிறந்த எழுத்தாளர்களை ஜெயிலிலும் கோர்ட்டிலும் நிறுத்திய நாட்டின் பெயரை உருதுவுக்குச் சூட்டுகிறவர்களை என்னவென்று சொல்வது?

இங்கே மட்டும் என்ன வாழ்கிறது? 2022-ல் பத்தாம் வகுப்புப் பாடத்திலிருந்து பைசின் கவிதை வரிகளை மத்தியக் கல்வி வாரியம் நீக்கியது. மகாராஷ்டிரத்தில் அகோலா ஜில்லா பாத்தூர் நகராட்சியின் பெயர்ப்பலகையில் மராத்திக்குக் கீழே உருதுவும் இருந்தது குற்றம் என்று வழக்கு, உச்ச நீதிமன்றம் வரை! மொழி மதம் அல்ல, உருது இந்த மண்ணில் பிறந்தது என்று 2025 ஏப்ரலில் அங்கே சொல்ல வேண்டி வந்தது. பெயர்ப்பலகைக்கே இந்தப் பாடு.

தமிழ்நாட்டிலும் உருது பேசுகிறவர்கள் 12 லட்சத்துக்கு மேல் என்று 2011 கணக்கெடுப்பு சொல்கிறது. மதுரை முஸ்லிம்களில் பெரும்பாலோருக்குத் தமிழே தாய்மொழி, சீறாப்புராணம் பாடிய உமறுப் புலவரைப் போல. உருது அதிகம் காதில் விழுவது ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டுப் பக்கம். யார் அவர்கள்? நவாபுகளா? தோல் பதனிடும் தொட்டியில் ரசாயனத் தண்ணீரில் நிற்கிறவர்கள், ஷூ கம்பெனியில் மேல்தோல் தைக்கிறவர்கள். நம் வர்க்கம்.

கச்சேரி வழியே வந்த வார்த்தைகள்

"நமக்குச் சம்பந்தமில்லாத மொழி" என்று சொல்கிறவரின் வாயிலிருந்தே நூறு வார்த்தை எடுத்துக் காட்டலாம். வக்கீல், ஜாமீன், கைதி, ஜப்தி, வசூல், பாக்கி, ரசீது, ஜில்லா, தாலுகா, தாசில்தார், ஜமாபந்தி, சர்க்கார், மிராசுதார். எல்லாம் பாரசீகமும் அரபியும் உருதுவும் கலந்து வந்த சொற்கள். நாம் சங்கத்துக்குக் கட்டும் சந்தா உட்பட!

இந்தப் பட்டியலை இன்னொரு தடவை பாருங்கள். எந்த வழியாக வந்த சொற்கள் இவை? கச்சேரி வழியாக. வரி வாங்க வந்தவனும் ஜப்தி செய்ய வந்தவனும் கொண்டு வந்தவை. ஆளுகிறவன் தன்னுடைய தேவைக்கு உருதுவின் கணக்குப் பிள்ளையை நம் வீட்டுக்கு அனுப்பினான். அதன் கவிஞனை அனுப்பவில்லை. வசூல் என்ற சொல் நமக்குத் தெரிகிறது; பிரிந்த காதலிக்காகத் தூக்கமின்றிக் கிடக்கிறவனின் இரவுக்கு அந்த மொழி வைத்திருக்கும் நூறு சொற்களில் ஒன்றுகூடத் தெரியாது. ஜப்தி வந்து சேர்ந்தது, காதல் வரவில்லை. அந்தப் பாக்கியைத்தான் நாம் இப்போது வசூல் செய்ய முனைகிறோம்.

ஒரு கேள்வி கேட்பார்கள், அதையும் நாமே கேட்டுவிடுவோம். 1311-ல் மாலிக் காபூர் படையோடு மதுரை வரை வந்து கொள்ளையடித்தானே, அந்தப் படையெடுப்பைப் புகழ்ந்து எழுதியவர் அமீர் குஸ்ரு; உருதுக்காரர்கள் தங்கள் மூதாதை என்று கொண்டாடுவது அவரைத்தானே? ஆம், எழுதினார். சுல்தானிடம் சம்பளம் வாங்கினார், சுல்தானின் கொள்ளையைப் பாரசீகத்தில் புகழ்ந்தார். அதை நாம் மூடி மறைக்கப் போவதில்லை. ஆனால் கலிங்கத்துப்பரணி எதைப் பாடுகிறது? குலோத்துங்கன் படை கலிங்கத்தில் குவித்த பிணங்களைப் பேய்கள் கூழ் காய்ச்சிக் குடிப்பதைப் பாடுகிறது! ஜெயங்கொண்டார் சோழனிடம் பரிசு வாங்கினார். அதற்காகத் தமிழைச் சமுத்திரத்தில் எறிந்துவிடலாமா? அரண்மனையில் பாடியது அரண்மனையோடு போகட்டும். குஸ்ருவின் பெயரால் வடநாட்டுப் பெண்கள் தலைமுறை தலைமுறையாகப் பாடிவரும் பாட்டும் விடுகதையும் சுல்தானுடையவை அல்ல.

"காதல் கவிதை பூர்ஷ்வா சரக்கு"

இனி நம் பக்கத்து ஆட்சேபம். நாற்பது வருஷம் கொடி பிடித்த ஒரு தோழர் கேட்டார்: "அரிசி வாங்கவே திண்டாடுறோம். காதல் தோல்விக்கு அழுகிற நவாப் வீட்டுக் கண்ணீர் நமக்கு எதுக்கு தோழர்?" சாணி அடித்தவனுக்குச் சொன்ன பதில் இவருக்கு ஆகாது. இவர் கேள்வியில் கபடம் கிடையாது.

அவர் சொல்வதில் பாதி நியாயம் உண்டு. உருதுவில் நவாப் கண்ணீர் நிறைய உண்டு. ஜமீன் வருமானத்தில் தின்றுவிட்டு, தாசி வீட்டுத் திண்டில் சாய்ந்துகொண்டு, உயிர் போகிறது உயிர் போகிறது என்று ஆயிரம் கவிதை எழுதியவர்கள் இருந்தார்கள். அவர்கள் உயிர் ஒன்றும் போகவில்லை. போனது குடியானவனின் உயிர். இன்றைக்கும் பெரிய ஓட்டல்களில் ஆயிரக்கணக்கில் டிக்கெட் போட்டு, பட்டுக் குர்தா மாட்டிக்கொண்டு, கஜல் ராத்திரி நடத்துகிறார்கள். அந்தக் கடைச் சரக்கு நமக்கு வேண்டாம்.

ஆனால் கஜலில் வில்லன் யார் தெரியுமா தோழர்களே? மதப் போதகன். ஊருக்கு ஒழுக்கம் சொல்லிவிட்டுத் தான் ஒளித்து வைத்துக் குடிக்கிற ஷேக். காதலிக்காதே என்று புத்தி சொல்ல வருகிற உபதேசி. தெருவில் தடியோடு திரிந்து யார் எதைக் குடித்தார்கள், யார் யாரைப் பார்த்தார்கள் என்று வேவு பார்க்கிற முஹ்தசிப். பல நூறு வருஷமாக உருதுக் கவிஞர்கள் இந்த நான்கு பேரையும் நடுத்தெருவில் நிறுத்திக் கிண்டல் செய்து வந்திருக்கிறார்கள். "உருது முல்லாவின் மொழி" என்பவர் ஒரே ஒரு கஜலையாவது படித்துப் பார்க்கட்டும். முல்லா அங்கே வாங்குகிற அடி வேறெங்கும் வாங்கியிருக்க மாட்டார்.

நம் ஊரில் அந்த முஹ்தசிப் இல்லையா? 2015-ல் வேறு சாதிப் பெண்ணோடு பேசிக்கொண்டிருந்தான் என்பதற்காக ஒரு தலித் இளைஞனைக் கொன்று பள்ளிபாளையம் பக்கம் தண்டவாளத்தில் போட்டார்கள். 2016 மார்ச்சில் உடுமலைப்பேட்டை பஸ் நிலையம் அருகே, பட்டப்பகலில், காதலித்துக் கல்யாணம் செய்துகொண்ட தம்பதியை வெட்டிச் சாய்த்தார்கள். கணவன் செத்தான், மனைவி பிழைத்தாள். 2025 ஜூலையில் பாளையங்கோட்டையில் இன்னொரு இளைஞன். காதல் வயிறு நிறைந்தவனின் பொழுதுபோக்கு என்று இதற்குப் பிறகும் யாராவது சொல்ல முடியுமா? நம் பிள்ளைகளுக்கு அது உயிர் போகிற விஷயம். பண்ணையார் மகன் காதலித்தால் சினிமா எடுக்கிறார்கள், பண்ணையாள் மகன் காதலித்தால் அரிவாளை எடுக்கிறார்கள். எந்த வயலில் யார் வேலை செய்வது என்று தீர்மானிக்கிற கைதான் யாரை யார் விரும்புவது என்றும் தீர்மானிக்கப் பார்க்கிறது.

மார்க்ஸ் மாணவராக இருந்தபோது ஜென்னிக்கு நோட்டு நோட்டாகக் காதல் கவிதை எழுதினார். நன்றாக எழுதினாரா என்பது வேறு விஷயம். ஜீவா மேடையில் கம்பனைப் பேசியபோதும் நமக்குள்ளே முணுமுணுப்பு எழுந்ததுண்டு, அவர் நிறுத்தவில்லை. பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம் விவசாய இயக்கத்திலிருந்து வந்தவர். அவர் எழுதிய காதல் பாட்டுகளை முணுமுணுத்துக்கொண்டு யந்திரம் ஓட்டியவர்கள் நம் தோழர்கள்.

1936-ல் லக்னோவில் முற்போக்கு எழுத்தாளர் சங்கம் பிரேம்சந்த் தலைமையில் கூடியது. உருதுவின் கண்ணீர் அதற்குப் பிறகு திசை மாறியது. பைஸ் ஒரு கவிதையைக் காதலனாகத் தொடங்கி, பாதி வழியில் தெருவின் பசியையும் நோயையும் கண்டு திகைத்து நிற்கிறார். காதலைக் கைவிடவும் முடியவில்லை, தெருவிலிருந்து கண்ணை எடுக்கவும் முடியவில்லை. தாஜ்மகாலைப் பார்த்து எல்லாரும் உருகிக்கொண்டிருந்தபோது, அதைக் கட்டிய தொழிலாளிகளின் காதலுக்கு என்ன சின்னம் மிஞ்சியது என்று கேட்டவர் சாகிர் லூதியான்வி. கைபி ஆஸ்மி பம்பாய் மதன்புராவில் தொழிலாளர் மத்தியில் கட்சி வேலை செய்த கவிஞர்.

எல்லாருக்கும் மேலாக நாம் மக்தூமைச் சொல்லுவோம். மக்தூம் மொகிதீன், மேடக் ஜில்லாக்காரர். ஹைதராபாத் கல்லூரியில் வாத்தியார் உத்தியோகத்தை உதறிவிட்டுத் தொழிற்சங்கங்களைக் கட்டினார். நிஜாமை எதிர்த்த தெலுங்கானாப் போராட்டத்தில் தலைமறைவாக இருந்து வேலை செய்தார். பிறகு சட்டசபை உறுப்பினர். 1969-ல் இறக்கும்வரை கட்சிக்காரர். அவர் பந்தலின் கீழ் காதலில் எரிந்துபோன இருவரைப் பற்றி ஒரு கவிதை எழுதினார்; 1964-ல் 'சா சா சா' என்ற சினிமாவிலும் அது வந்தது. என்ன பந்தல்? சமேலிப் பந்தல். சமேலி என்றால் நம் பிச்சிப்பூ, சாதிமல்லி. விடியுமுன் டார்ச் விளக்கோடு வயலில் இறங்கி மொக்குப் பறிக்கிற வலையங்குளம் பக்கத்துப் பெண்களுக்கு அந்தக் கவிதையை விளக்க உரை எழுத வேண்டாம். பூ யாருடைய தலைக்குப் போகிறது, பறித்தவள் கைக்கு என்ன வருகிறது என்பதும் அவர்களுக்குத் தெரியும்.

ஆறு சேலைகளும் ஒரு கஃபனும்

அந்த ஞாயிறு நாங்கள் வாசித்தது இரண்டு கதைகள். கிருஷன் சந்தரின் 'மகாலட்சுமிப் பாலம்' ஒன்று. பம்பாயில் பஞ்சாலைகள் பக்கத்து ரயில் பாலத்தின் கம்பியில் ஆறு பழைய சேலைகள் காய்கின்றன. ஒவ்வொரு சேலையும் ஒரு தொழிலாளி வீட்டுப் பெண்ணுடையது. பிரதம மந்திரியின் ரயில் அந்த வழியாகப் போகிறது, நிற்கவில்லை. சேலைகள் சொல்கிற கதைதான் கதை. வாசித்து முடித்ததும் மூடிய மில் ஒன்றில் வேலை பார்த்த தோழர் ஒருவர் வெகுநேரம் பேசவில்லை. பிறகு, "நூல் நூத்தது நாம, சேலை நெய்தது நாம, வீட்டுக்காரிக்கு மாத்துச் சேலை இல்லாம இருந்ததும் நாமதான்" என்றார்.

இன்னொன்று பிரேம்சந்த் 1935-ல் உருதுவில் வெளியிட்ட 'கஃபன்'. கஃபன் என்றால் பிணத்துக்குப் போர்த்தும் துணி, நம் கோடித் துணி. குடிசைக்குள்ளே மருமகள் பிரசவ வேதனையில் துடிக்கிறாள். வெளியே மாமனாரும் புருஷனும் சுட்ட உருளைக்கிழங்கைத் தின்கிறார்கள், ஒருவன் எழுந்து போனால் மற்றவன் அதிகம் தின்றுவிடுவானே என்று இருவரும் எழவில்லை. அவள் சாகிறாள். கோடிக்கென்று ஊரில் பிச்சையெடுத்த காசை இரண்டு பேரும் குடித்துத் தீர்க்கிறார்கள்.

சண்டை வந்தது. "நம்ம சாதிசனத்தைச் சோம்பேறி, குடிகாரன்னு எழுதியிருக்காரு, இதை ஏன் வாசிக்கணும்?" என்று ஓர் இளைஞர் எழுந்தார். தலித் எழுத்தாளர்கள் பலர் இதே குற்றச்சாட்டை இந்தக் கதைமேல் வைத்திருக்கிறார்கள். அதைத் தள்ளிவிட முடியாது என்றே நாம் நினைக்கிறோம். சாதி இந்துவாகப் பிறந்தவரின் கண், பிரேம்சந்தின் கண்ணாக இருந்தாலும், அந்தக் குடிசையை வெளியே நின்றுதான் பார்த்திருக்கிறது. ஆனால் களை எடுக்கிற அக்கா ஒருவர் வேறு இடத்தில் பிடித்தார். கோடித் துணிக்கென்று ஜமீன்தார் இரண்டு ரூபாயை விட்டெறிகிற இடம் அது. "ஏன் தோழர், அந்த ரெண்டு ரூவாய முந்தின ராத்திரி குடுத்திருந்தா மருத்துவச்சி வந்திருப்பாள்ல?" என்று கேட்டார். எல்லாரும் சும்மா இருந்தோம். அந்த இளைஞரும் உட்கார்ந்துவிட்டார், ஆனால் தன் பேச்சை வாபஸ் வாங்கவில்லை. வாங்கவும் வேண்டாம்.

கரிக்கட்டியால் எழுதியவர் அன்றைக்கு வந்து உட்கார்ந்திருந்தால் அங்கே எதைக் கேட்டிருப்பார்? கூலியை, பசியை, பிரசவத்தை, சாவை. பாகிஸ்தான் எங்கே வந்தது?

அடுத்தபடி வாசிக்க கிருஷன் சந்தரின் 'காலு பங்கி' இருக்கிறது, ஆஸ்பத்திரியில் மலம் அள்ளுகிறவரின் கதை. மண்ட்டோவின் 'டோபா டேக் சிங்' இருக்கிறது, நாட்டைப் பிரித்தவர்கள் பைத்தியக்கார ஆஸ்பத்திரியையும் பிரித்த கதை. மண்ட்டோ தமிழில் புத்தகமாகவே வந்திருக்கிறார். ஆனால் ஒரு கூலித் தொழிலாளி விலை கொடுத்து வாங்க முடியுமா? ஆகவே ஒவ்வொரு கிளையும் ஒரு வேலை செய்ய வேண்டும். உங்கள் ஊர் நூலகத்துக்குப் போங்கள். மதுரைத் தோழர்கள் புது நத்தம் ரோட்டில் 2023 ஜூலையில் திறந்த கலைஞர் நூற்றாண்டு நூலகத்துக்கே போகலாம். அது நம் வரிப்பணத்தில் கட்டியதுதான். பிரேம்சந்த், கிருஷன் சந்தர், மண்ட்டோ, இஸ்மத் சுக்தாய், பேடி ஆகியோர் தமிழில் என்னென்ன இருக்கின்றன என்று கேளுங்கள். இல்லாததை எழுத்து மூலம் கேளுங்கள், மனுவின் நகலை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். மக்தூமின் கவிதைகளை உருதுவிலிருந்தே தமிழாக்கித் தரக்கூடிய ஆம்பூர், வாணியம்பாடித் தோழர்கள் யாராவது இருந்தால், இந்தப் பத்திரிகையின் முகவரிக்கு எழுதவும்.